ஒரு நாவலுக்குப் பக்கத்தில் ஒரு கட்டுரை நூல்: மலையூரில் புத்தகம் தேடுபவர்களுக்கு

"அடுத்து என்ன படிக்கலாம்?" என்று கேட்பவரிடம் பெரும்பாலும் ஒரு பட்டியல் ஏற்கெனவே இருக்கும். கட்டாயம் படிக்க வேண்டிய நூறு நாவல்கள், சிறந்த ஐம்பது சுயசரிதைகள் என்று யாரோ தொகுத்தது. அதில் பத்தைக்கூட அவர் முடித்திருக்க மாட்டார். பட்டியலில் ஒரு புத்தகத்துக்கும் அடுத்த புத்தகத்துக்கும் உறவு கிடையாது. ஒன்றை மூடியதும் இன்னொன்றை எடுக்க வைக்கும் கேள்வி எதுவும் எழுவதில்லை. தவிர, இத்தகைய பட்டியல்களில் முக்கால்வாசி நாவலாகவே இருக்கும். கட்டுரை நூல்களைத் தேட அவை வழிகாட்டுவதே இல்லை.

கோத்தகிரியில் மாதம் ஒருமுறை கூடிப் பேசும் எங்கள் வாசக வட்டத்தில் பலன் தந்த முறை வேறு. நம் ஊரிலிருந்து ஒரு கேள்வியை எடுத்துக்கொள்வோம். அதற்கு முதலில் ஒரு கதை. அந்தக் கதை கிளப்பிய சந்தேகத்துக்கு ஒரு கட்டுரை நூல். அந்த நூல் தொடாமல் விட்டதற்கு மறுபடி ஒரு கதை. மூன்று புத்தகம் இப்படிப் போன பிறகு நான்காவது வேண்டுமென்றே வெளியிலிருந்து. சொன்னால் எளிதாகத்தான் இருக்கிறது. எந்தப் புத்தகம், எங்கே கிடைக்கும், எப்படிச் சோதித்து எடுப்பது என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

தேயிலையில் தொடங்கினால்

நீலகிரியில் ஆரம்பிக்க வசதியான கேள்வி இது: இந்தத் தேயிலைக் காடுகளில் வேலை செய்ய இத்தனை பேர் எங்கிருந்து வந்தார்கள்?

முதலில் புதுமைப்பித்தனின் 'துன்பக்கேணி'. நீண்ட சிறுகதை, ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானத்தில் முடிந்துவிடும். திருநெல்வேலிக் கிராமத்துப் பெண்ணொருத்தி இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக்குப் போய்ச் சேரும் கதை. புதுமைப்பித்தன் 1948-இல் மறைந்தார். இந்தியப் பதிப்புரிமைச் சட்டப்படி ஆசிரியர் இறந்து 60 ஆண்டுகள் ஆனால் படைப்பு எல்லாருக்கும் பொது. ஆகவே அவருடைய கதைகளை இணையத்தில் காசில்லாமல், சட்டத்துக்கு உட்பட்டே படிக்கலாம். கதை முடிந்ததும் ஒரு கேள்வி நிற்கும்: ஊரை விட்டுக் கிளப்பிக்கொண்டு போனவர்கள் என்ன சொல்லிக் கிளப்பினார்கள், முன்பணம் எப்படிக் கடனாக மாறியது?

அதற்கு 'எரியும் பனிக்காடு'. பி.எச். டேனியல் என்ற மருத்துவர் 1969-இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட நாவல், இரா. முருகவேள் தமிழாக்கியது. களம் ஆனைமலை, வால்பாறைப் பக்கத்து எஸ்டேட்டுகள். எழுதியவர் தோட்டத் தொழிலாளர்களுக்கு வைத்தியம் பார்த்தவர். அதனால் காய்ச்சல், கூலிக் கணக்கு, ஆள் சேர்த்து அழைத்துப்போன மேஸ்திரியிடம் வாங்கிய முன்பணம் இவையெல்லாம் கதைக்குள்ளேயே நுணுக்கமாக வரும். நாவலும் கட்டுரையும் கலந்து படிக்க விரும்புகிறவருக்கு இதைவிட நல்ல பாலம் அரிது. நாவல் வாசகர் கதைக்காகப் போவார், தகவல் கூடவே சேரும்.

இதற்கு அடுத்த கேள்வியை இங்கேயே, பக்கத்து லைன் வீடுகளிலேயே, அதாவது தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளிலேயே கேட்கலாம். 1964-இல் சிறிமாவோ – சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தானபின் இலங்கையிலிருந்து தாயகம் திரும்பிய குடும்பங்கள் கூடலூர், பந்தலூர், கோத்தகிரி, குன்னூர்ப் பகுதிகளில் குடியேறின. அவர்களுக்கு வேலை தரவே அரசு தேயிலைத் தோட்டங்கள் எழுந்தன, அவைதான் இன்றைய டான்டீ. இந்த வரலாற்றுக்கு இலங்கை மலையக எழுத்தைத் தேட வேண்டும். கோகிலம் சுப்பையாவின் 'தூரத்துப் பச்சை' நாவல். சி.வி. வேலுப்பிள்ளையின் 'நாடற்றவர் கதை' கட்டுரை நூல். தெளிவத்தை ஜோசப்பின் 'நாமிருக்கும் நாடே' சிறுகதைத் தொகுப்பு. இந்த மூன்றில் ஏதாவது இரண்டைச் சேர்த்துப் படித்தால் போதும். ஒன்று புனைவாகவும் மற்றது கட்டுரையாகவும் இருக்கட்டும். கடையில் கிடைக்காவிட்டால் 'நூலகம்' என்ற இலங்கைத் தமிழ் மின்னூலகத்தில் தேடுங்கள். மலையகப் படைப்புகளை அங்கே பெரிய அளவில் மின்வடிவில் சேர்த்து வைத்திருக்கிறார்கள்.

இந்த வரிசையில் ஒரு சிக்கல் உண்டு. தோட்டத் தொழிலாளர் கதைகள் எல்லாமே கனமானவை. மூன்றை அடுத்தடுத்துப் படித்தால் மனது இறுகிவிடும், நாலாவதைக் கையில் எடுக்கவே தோன்றாது. பலர் "எனக்கு இலக்கியம் ஒத்துவராது" என்று நிறுத்துவது இந்த இடத்தில்தான். இடையில் ஆ.இரா. வேங்கடாசலபதியின் 'அந்தக் காலத்தில் காப்பி இல்லை' போன்ற கட்டுரைத் தொகுப்பை வையுங்கள். காப்பி தமிழர் வீட்டுக்குள் நுழைந்தபோது எழுந்த சச்சரவுகளைச் சொல்லும் தலைப்புக் கட்டுரை சுவையாகவும் ஆதாரத்தோடும் இருக்கும். நீலகிரியிலும் தேயிலைக்கு முன்னால் காப்பிதான் பயிரானது என்பதால் வரிசையும் அறுபடாது. ஒரு கட்டுரைக்கு அரை மணி நேரம், விட்டு விட்டும் படிக்கலாம்.

மலை மக்கள், மலைப் பூக்கள்

இரண்டாவது வரிசைக்கு ராஜம் கிருஷ்ணனின் 'குறிஞ்சித்தேன்' முதல் புத்தகம். நீலகிரியில் வாழும் படகர் சமூகத்தின் வாழ்க்கையைப் பற்றிய நாவல். நிலம், அணை, பணப்பயிர் எல்லாம் வந்து ஒரு சமூகத்தை எப்படி மாற்றுகின்றன என்பதைத் தலைமுறைக் கதையாகச் சொல்வது. இதைப் படிக்கும் கோத்தகிரிக்காரர் ஒவ்வொரு பத்துப் பக்கத்துக்கும் நின்று "இது சரிதானா?" என்று வீட்டுப் பெரியவர்களிடம் கேட்பார். அப்படிக் கேட்பதை நாங்கள் ஊக்குவிக்கிறோம். வெளியிலிருந்து வந்த ஒருவர் எழுதிய நாவலுக்கு ஊர்க்காரர் சொல்லும் திருத்தமும் வாசிப்பில் சேர்ந்ததுதான்.

கட்டுரை நூல் என்று போனால் நீலகிரியைப் பற்றி ஆங்கிலத்தில் நிறைய இருக்கிறது. டபிள்யூ.எச்.ஆர். ரிவர்ஸ் நீலகிரிப் பழங்குடிகளான தோடர்களைப் பற்றி எழுதிய நூல் 1906-இல் வந்தது. டபிள்யூ. பிரான்சிஸ் தொகுத்த நீலகிரி கெசட்டியர், அதாவது மாவட்ட விவரத் தொகுப்பு, 1908. இரண்டும் இணையக் காப்பகத்தில் முழுதாகக் கிடைக்கின்றன. ஆனால் இவற்றை முதல் புத்தகமாக எடுக்க வேண்டாம். அவை ஆட்சி செய்தவர்களின் கண்ணோட்டத்தில் எழுதப்பட்டவை. மக்களை வகைபிரித்து அளந்து பட்டியலிடும் தொனி அதில் உண்டு. நாவலைப் படித்துவிட்டுப் போனால் அந்தத் தொனி உடனே காதில் விழும், தகவலை மட்டும் பிரித்து எடுத்துக்கொள்ள முடியும். கெசட்டியரை முதலிலிருந்து கடைசி வரை படிப்பதும் வீண். பொருளடக்கத்தில் உங்கள் ஊர்ப் பெயர் வரும் பக்கம், வனம் பற்றிய அத்தியாயம், சாலைகள் பற்றிய அத்தியாயம் போதும். தமிழில் பக்தவத்சல பாரதியின் 'தமிழகப் பழங்குடிகள்' பக்கத்திலேயே இருக்கட்டும். ரிவர்ஸ் எழுதி நூறாண்டு கடந்தபின் அதே தோடர்களைப் பற்றித் தருண் சாப்ரா ஆங்கிலத்தில் எழுதிய நூல் 2015-இல் வந்திருக்கிறது. பழையதையும் புதியதையும் ஒரே அத்தியாயப் பொருளில், எடுத்துக்காட்டாக எருமைப் பண்ணை பற்றி, அருகருகே வைத்துப் பார்ப்பது நல்ல பயிற்சி.

இதே வரிசையில் ச. பாலமுருகனின் 'சோளகர் தொட்டி' வரும். களம் சத்தியமங்கலம் பக்கத்து மலை. கடுமையான நாவல், பதின்வயதினருக்குக் கொடுக்குமுன் பெரியவர் ஒருவர் படித்துவிடுவது நல்லது.

காட்டு விலங்குகள் மேல் ஆர்வம் உள்ளவருக்கு வழி இன்னும் சுலபம். ஜெயமோகனின் 'யானை டாக்டர்' கதையில் வரும் டாக்டர் வி. கிருஷ்ணமூர்த்தி உண்மையில் வாழ்ந்த கால்நடை மருத்துவர், டாப்ஸ்லிப், முதுமலை முகாம் யானைகளுக்கு வைத்தியம் பார்த்தவர். கதையை முடித்த கையோடு தியடோர் பாஸ்கரனின் சூழலியல் கட்டுரைகளுக்குப் போகலாம். அவர் தமிழாக்கிய 'கானுறை வேங்கை', உல்லாஸ் கரந்த் புலிகளைப் பற்றி எழுதிய நூல். மா. கிருஷ்ணனின் தமிழ்க் கட்டுரைகளைத் தொகுத்து 'மழைக்காலமும் குயிலோசையும்' என்று கொண்டுவந்தவரும் பாஸ்கரன்தான். அளவில் சிறிய நூல். நடை தெளிவானது. கட்டுரை படித்தே பழக்கமில்லாத நாவல் வாசகருக்கு நாங்கள் முதலில் கொடுப்பது இதைத்தான்.

பழனி மலைக்காரர்கள் பூக்களிலிருந்து தொடங்கலாம். கபிலரின் குறிஞ்சிப்பாட்டு 99 பூக்களை அடுக்கிச் சொல்கிறது. உரையோடு உள்ள பதிப்பை எடுத்துக்கொண்டு, பி.எஃப். பைசன் நீலகிரி, பழனி மலை உச்சித் தாவரங்களைப் பற்றி 1915-க்கும் 1920-க்கும் இடையில் வெளியிட்ட நூலின் படங்களைப் புரட்டலாம். கே.எம். மேத்யூ பாதிரியாரின் பழனி மலைத் தாவர நூல் 1999-இல் வந்தது. இது துறை நூல், தேவையான பக்கத்தைப் பார்க்கவே பயன்படும். தொல்லியல் பக்கம் போக விரும்பினால் ஆங்லேட், நியூட்டன் இருவரும் பழனி மலைக் கற்திட்டைகளை, அதாவது பழங்காலக் கல்லறை அமைப்புகளைப் பற்றி 1928-இல் எழுதிய ஆய்வறிக்கை இருக்கிறது. தாண்டிக்குடிப் பக்கம் நடந்து பார்த்தவர்களுக்கு அது உடனே புரியும்.

நான்காவது புத்தகம்

சொந்த ஊரைப் பற்றியே படித்துக்கொண்டிருந்தால் வாசிப்பு குறுகிவிடும். அதனால்தான் மூன்றுக்குப் பிறகு ஒன்று வெளியிலிருந்து. இதற்கு நேஷனல் புக் டிரஸ்ட் வெளியிட்ட 'ஆதான் பிரதான்' வரிசை நல்ல களஞ்சியம். பிற இந்திய மொழி நாவல்களின் தமிழாக்கம், விலையும் குறைவு. வங்க நாவலான 'நீலகண்டப் பறவையைத் தேடி', உருது நாவலான 'அக்னி நதி' இரண்டும் இந்த நிறுவனம் வெளியிட்டவை. சாகித்திய அகாதமி 1989-இலிருந்து மொழிபெயர்ப்புக்குத் தனிப் பரிசு தருகிறது. அந்தத் தமிழ்ப் பட்டியலை மேலிருந்து கீழே பார்த்தால் மராத்தி, கன்னடம், மலையாளம் என்று பல ஊர்க் கதைகள் அகப்படும். அகாதமியின் முதன்மைப் பரிசுப் பட்டியலில் கட்டுரை நூல்களும் உண்டு. 1955-இல் தமிழுக்குக் கிடைத்த முதல் பரிசே ரா.பி. சேதுப்பிள்ளையின் 'தமிழ் இன்பம்' என்ற கட்டுரை நூலுக்குத்தான். பரிசுப் பட்டியலிலிருந்து வரிசையாகப் படிக்க வேண்டாம், வரிசை மாற்ற ஒன்றை உருவி எடுக்க மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

அலமாரி முன் நின்று பத்து நிமிடம்

நூலகத்திலோ கடையிலோ கையில் எடுத்த புத்தகம் தேறுமா என்று பார்க்கப் பத்து நிமிடம் போதும். பின்னட்டை வாசகத்தை விட்டுவிடுங்கள், அது விற்பதற்காக எழுதியது.

நாவல் என்றால் முதல் பக்கத்தையும், மூன்றில் ஒரு பங்கு தாண்டிய ஒரு பக்கத்தையும் படியுங்கள். 300 பக்க நாவலில் 100-ஆம் பக்கம். முதல் பக்கத்தை எல்லாரும் மெனக்கெட்டு எழுதுவார்கள். 100-ஆம் பக்கத்தில் பேச்சு இயல்பாக இருக்கிறதா, ஆள்கள் கண்ணுக்குத் தெரிகிறார்களா என்பதுதான் சோதனை. அந்தப் பக்கத்தில் யார் யார் என்று புரியாவிட்டால் பரவாயில்லை. சலிப்புத் தட்டினால் வைத்துவிடுங்கள்.

கட்டுரை நூலுக்கு வேறு வழி. பொருளடக்கம் பாருங்கள், பிறகு கடைசிப் பக்கங்கள். துணைநூற்பட்டியல் இருக்கிறதா, பெயர்ச் சுட்டி இருக்கிறதா? துணைநூற்பட்டியல் உள்ள நூலை எடுத்தால் அடுத்த நாலு புத்தகத்துக்கு வழி தெரிந்துவிட்டது என்று அர்த்தம். அதன்பின் உங்களுக்கு நன்றாகத் தெரிந்த ஒரு விஷயம் வரும் பக்கத்தைத் தேடிப் படியுங்கள். மலைக்காரர்களுக்கு இதில் ஒரு வசதி இருக்கிறது. தமிழ்நாட்டைப் பற்றிய பொது நூல் என்றால் தொட்டபெட்டாவைப் பற்றி என்ன சொல்கிறது என்று பாருங்கள். 2,637 மீட்டர், தமிழ்நாட்டின் உயரமான சிகரம் என்று இருந்தால் சரி. 'தென்னிந்தியாவின் உயரமான சிகரம்' என்று எழுதியிருந்தால் ஆசிரியர் சரிபார்க்காமல் எழுதியிருக்கிறார். அந்தப் பெருமை கேரளத்தின் ஆனைமுடிக்கு, 2,695 மீட்டர். நீலக்குறிஞ்சி 12 ஆண்டுக்கு ஒருமுறை பூப்பது, 2006, 2018 என்று பூத்தது, அடுத்தது 2030. இதை ஆண்டுதோறும் மலை முழுதும் நீலமாகும் என்று வருணித்திருந்தால் அந்த நூலின் மற்ற தகவல்களையும் சந்தேகியுங்கள். தேயிலையைப் பற்றி எழுதியவருக்குக் கவாத்து (செடியைக் கத்தரித்து விடுவது) என்றால் என்ன என்று தெரிந்திருக்கிறதா என்பது மூன்றாவது சோதனை. ஒரு சின்ன பிழைக்காக நல்ல நூலை ஒதுக்க வேண்டியதில்லை, ஆனால் ஒரே பக்கத்தில் இரண்டு மூன்று இருந்தால் எடுக்காதீர்கள்.

பதிப்பு விவரப் பக்கத்தையும் பாருங்கள். முதற்பதிப்பு எந்த ஆண்டு, கையில் இருப்பது எந்த ஆண்டு அச்சு என்று அதில்தான் தெரியும். 'முதற்பதிப்பு 2022' என்று போட்டிருந்தாலும் நூல் 1950-களில் எழுதியதாக இருக்கலாம். பதிப்பகம் மாறியதும் அப்படிப் போடுவார்கள், முன்னுரையின் தேதியைப் பார்த்தால் உண்மை தெரிந்துவிடும். மொழிபெயர்ப்பு என்றால் மூல மொழி எது, மூலத்திலிருந்து நேராகச் செய்ததா, ஆங்கிலம் வழியாகவா, சுருக்கமா என்று பாருங்கள். 'தழுவல்', 'சுருக்கம்' என்ற சொல் உள்ளட்டையில் மட்டும் சின்ன எழுத்தில் இருக்கும்.

நாட்டுடைமை ஆக்கப்பட்ட எழுத்தாளர்களின் நூல்களில் இந்தச் சோதனை மிக முக்கியம். ராஜம் கிருஷ்ணனின் படைப்புகள் நாட்டுடைமை ஆனவை, யார் வேண்டுமானாலும் அச்சிடலாம். அதனால் விலை குறைந்தது, நல்ல விஷயம். ஆனால் ஒரே நூல் பல பதிப்பகங்களில் பல தரத்தில் வருகிறது. சிலவற்றில் ஆசிரியர் முன்னுரையே இருக்காது, சிலவற்றில் ஒற்றுப்பிழை மலிந்திருக்கும், பொடி எழுத்தில் பக்கத்தைச் சுருக்கியிருப்பார்கள். இரண்டு பதிப்பைப் பக்கத்தில் வைத்து அத்தியாய எண்ணிக்கையை ஒப்பிடுங்கள், முன்னுரை உள்ளதையே எடுங்கள். நாவலாசிரியர் எங்கே தங்கி, யாரிடம் கேட்டு எழுதினார் என்பதை முன்னுரையில்தான் சொல்வார். அடுத்த கட்டுரை நூலுக்கான துப்பு அங்கேதான் கிடைக்கும்.

நூலகத்தில் எங்கே தேடுவது

1948-இல் வந்த பொது நூலகச் சட்டத்தால்தான் நம் கிளை நூலகங்கள் நடக்கின்றன. நாம் கட்டும் சொத்து வரியோடு நூலக வரியும் சேர்ந்தே போகிறது, ஆகவே கூச்சமில்லாமல் உள்ளே போகலாம். ஊட்டியில் மாவட்ட மைய நூலகம், குன்னூர், கோத்தகிரி, கூடலூர், கொடைக்கானலில் கிளை நூலகங்கள் இருக்கின்றன. ஊட்டியின் நீலகிரி நூலகம் வேறு வகை. 1859-இல் தொடங்கிய சந்தா நூலகம், உறுப்பினர்களுக்கானது. மலையைப் பற்றிய பழைய ஆங்கில நூல்களுக்கு அது முக்கியமான இடம்.

பொது நூலகத்தில் தடுமாறுவதற்குக் காரணம் ஒரே பொருள் பல அலமாரிகளில் சிதறியிருப்பது. தூவி தசமப் பகுப்பு முறையில் தேயிலைச் சாகுபடி 633.72, தோட்டத் தொழிலாளர் பற்றிய நூல் 331, தமிழ்நாட்டு வரலாறு 954.82, தோட்டத்தைக் களமாகக் கொண்ட தமிழ் நாவல் 894.8113. நான்கும் நான்கு மூலையில் இருக்கும். நாவல் அலமாரியை மட்டும் சுற்றிவிட்டு வருகிறவருக்கு மற்ற மூன்றும் கண்ணில் படவே படாது. மூன்று எண்களை நினைவில் வைத்தாலே பெரும்பாலும் சமாளிக்கலாம்: 910 பயணம், 920 வாழ்க்கை வரலாறு, 398 நாட்டார் வழக்காறு. நாவல் வாசகருக்குக் கட்டுரை நூல் பிடித்துப்போவது இந்த மூன்று அலமாரிகளில்தான். உ.வே. சாமிநாதையரின் 'என் சரித்திரம்' 920-இல் இருக்கும், நாவலைப் போலவே விறுவிறுப்பாகப் போகும். பழைய கிளை நூலகங்கள் சிலவற்றில் எண்ணுக்குப் பதில் எழுத்தில் தொடங்கும் குறியீடு இருக்கும். அது எஸ்.ஆர். ரங்கநாதன் 1933-இல் வெளியிட்ட கோலன் முறை. அதில் இலக்கியம் ஓ, வரலாறு வி, வேளாண்மை ஜே.

அலமாரியில் இல்லாததெல்லாம் நூலகத்தில் இல்லை என்று முடிவு கட்டாதீர்கள். பழைய இருப்பு பின்னறையில், கட்டுக் கட்டாக இருக்கும். "சார், ராஜம் கிருஷ்ணன் பழைய பதிப்பு எதுவும் உள்ளே இருக்குதா?" என்று ஆசிரியர் பெயரைச் சொல்லிக் கேளுங்கள். "நல்ல நாவல் ஏதாவது கொடுங்க" என்றால் நூலகர் எதை எடுப்பார், பாவம். கூட்டமில்லாத முற்பகலில் கேட்டால் அவரே தேடி எடுத்துக் கொடுப்பார்.

இரண்டு புத்தகம் எடுக்க முடிகிறபோது தடித்த நாவல் ஒன்று, கட்டுரைத் தொகுப்பு ஒன்று என்று எடுங்கள். நாள் ஒன்றுக்கு 30 பக்கம் என்றால் 300 பக்க நாவலுக்குப் பத்து நாள். இடையில் ஒரு நாளைக்கு ஒரு கட்டுரை. இரண்டும் நாவலாக எடுத்தால் ஒன்று பாதியில் திரும்பிப் போவது நிச்சயம். 50 பக்கம் வரை பிடிபடாத நாவலைத் திருப்பிக் கொடுத்துவிடலாம். பெயர்கள் பழகாத மொழிபெயர்ப்பு நாவலுக்கு மட்டும் 80 பக்கம் அவகாசம் கொடுங்கள், பாத்திரங்களின் பெயரை ஒரு துண்டுச் சீட்டில் உறவுமுறையோடு எழுதிப் புத்தகத்துக்குள் வைத்துக்கொண்டால் இன்னும் நல்லது.

இணையத்தில் தேடும்போது

தமிழ் நூல்களை மின்வடிவில் இலவசமாகத் தரும் மதுரைத் திட்டம் 1998 பொங்கலன்று தொடங்கியது. சங்க நூல் முதல் பதிப்புரிமை முடிந்த புனைகதை வரை எழுத்துருவில் கிடைக்கும், பெரிதாக்கிப் படிக்கலாம். தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் நாட்டுடைமை நூல்களும் பழைய இதழ்களும் அச்சுப் பக்கத்தின் படமாகவே இருக்கும். அவற்றுக்குள் சொல் தேட முடியாது. ஒரு நூல் 200 எம்.பி.கூட வரும், மலையில் சிக்னல் நன்றாக இருக்கும் இடத்தில் இறக்கி வைத்துக்கொள்வதே வழி.

தேடியும் கிடைக்கவில்லை என்பவர்களில் பாதிப்பேர் எழுத்துக்கூட்டலில் மாட்டிக்கொண்டவர்கள். 'குறிஞ்சித்தேன்' என்று சேர்த்தும் 'குறிஞ்சித் தேன்' என்று பிரித்தும் 'குறிஞ்சி தேன்' என்று ஒற்றில்லாமலும் தேட வேண்டும். ராஜம், இராஜம் இரண்டையும் போட்டுப் பாருங்கள். தலைப்பெழுத்துக்குப் பின் புள்ளி, இடைவெளி மாறினாலும் சில தளங்களில் வராது. தலைப்பெழுத்தை விட்டுவிட்டுப் பெயரோடு பதிப்பகத்தின் பெயரைச் சேர்த்துத் தேடினால் பெரும்பாலும் அகப்படும்.

வாங்குவதும் பழைய புத்தகமும்

மலையில் தமிழ்ப் புத்தகக் கடை குறைவு. கோவைக்கோ, கொடைக்கானல்காரர்கள் மதுரைக்கோ இறங்கும்போது கையில் ஆறேழு பெயர் எழுதிய சீட்டு இருக்கட்டும். ஈரோட்டில் ஆகஸ்டில் புத்தகத் திருவிழா நடக்கும். கண்காட்சிக்கு வெறுங்கையோடு போனால் எல்லாக் கடையிலும் முன்வரிசையில் அடுக்கியிருக்கும் அதே பத்துத் தலைப்புகளோடுதான் திரும்புவீர்கள். முதல் சுற்றில் எதையும் வாங்காமல் பட்டியல் மட்டும் வாங்குங்கள். பதிப்பகங்கள் இலவசமாகத் தரும் விலைப்பட்டியலில் கட்டுரை நூல்கள் பொருள்வாரியாகப் பிரித்திருக்கும். உட்கார்ந்து அதில் குறித்துக்கொண்டு இரண்டாம் சுற்றில் வாங்கலாம்.

பழைய பேப்பர் கடைகளில் கிடைக்கும் புதையல் வேறு. வார இதழ்த் தொடர்கதைகளைக் கிழித்துச் சேர்த்து வீட்டிலேயே பைண்டு செய்த தொகுதிகள் அவை. ஓவியங்களோடு, அந்தக் கால விளம்பரங்களோடு இருக்கும். வாங்குமுன் மூன்று விஷயம் பாருங்கள்: அத்தியாய எண் விடாமல் வருகிறதா, கடைசியில் 'முற்றும்' இருக்கிறதா, தையலுக்குள் ஓர வரிகள் மறைந்திருக்கின்றனவா. நடுவில் ஓர் இதழ் விட்டுப்போயிருப்பது சகஜம். அந்த ஓர் அத்தியாயத்தை அச்சு நூலில் நூலகத்தில் படித்துக்கொள்ளலாம். பின்பக்கத்தில் ஒட்டிக்கொண்டு வந்த துண்டுக் கட்டுரைகளையும் விடாதீர்கள், பயணக் கட்டுரை, விஞ்ஞானக் கட்டுரை என்று பல எழுத்தாளர்கள் அங்கே அறிமுகமாவார்கள்.

ஈரம்

மலையில் சேர்த்த புத்தகத்தைக் காப்பதும் ஒரு வேலை. கூடலூர்ப் பக்கம் ஜூன் முதல் செப்டம்பர் வரையும், கோத்தகிரி, குன்னூர், கொடைக்கானலில் அக்டோபர் முதல் டிசம்பர் வரையும் கவனம் தேவை. ஈரப்பதம் 65 சதவீதத்தைத் தாண்டி நாள்கணக்கில் நின்றால் பூஞ்சணம் பிடிக்கும். ஒரு சின்ன ஈரப்பதமானி வாங்கி அலமாரிக்குள் வைத்துவிட்டால் ஊகிக்க வேண்டியதில்லை. அலமாரியை வெளிச்சுவரை ஒட்டி வைக்காமல் இரண்டு அங்குலம் தள்ளி வையுங்கள், மழைச் சாரல் அடிக்கும் சுவர் என்றால் உள்சுவருக்கு மாற்றுங்கள். நெருக்கி அடுக்கினால் காற்று போகாது. ஒரு விரல் நுழையும் இடம் வேண்டும். கண்ணாடிக் கதவு போட்ட அலமாரியைக் காய்ந்த நாளில் திறந்து வையுங்கள். பாலிதீன் உறை போடாதீர்கள், உள்ளே இருக்கும் ஈரத்தை அது பூட்டிவைக்கும்.

பூஞ்சணம் வந்துவிட்டால் ஈரத் துணியால் துடைக்க வேண்டாம், கறை உள்ளே இறங்கும். முதலில் நிழலில், காற்றோட்டத்தில் பக்கங்களை விசிறிபோல் விரித்து நிறுத்திக் காய வையுங்கள். நன்றாக உலர்ந்தபின் வீட்டுக்கு வெளியே, மூக்கை மூடிக்கொண்டு, மெல்லிய பிரஷ்ஷால் தட்டுங்கள். நேர் வெயிலில் போட்டால் அட்டை வளைந்து, பசை போட்ட பைண்டிங் விட்டுப்போகும். இரவல் போய்த் திரும்பிய புத்தகத்தையும் பழைய பேப்பர் கடையில் வாங்கியதையும் ஒரு வாரம் தனியே வைத்து, முதுகுப் பகுதியில் இராமபாணப் பூச்சி இருக்கிறதா என்று பார்த்த பிறகே அலமாரியில் சேருங்கள்.